பல்லக்கும் பாதசாரியும்

நேயர்களுக்கு வணக்கம். நபேந்து கோஷ் என்ற வங்காளத் திரைக்கதை ஆசிரியரைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். பெயர் உங்களுக்குப் புதிதாக இருக்கலாம். ஆனால் இந்திப்பட இயக்குநர் பிமல் ராயின் ‘தேவதாஸ்’, ‘சுஜாதா’, ‘பந்தினி’ படங்களில் ஒன்றையாவது பார்த்திருப்பீர்கள். மூன்றுக்கும் திரைக்கதை இவர்தான்.

1917-இல் டாக்காவில் பிறந்தவர். சிறுகதை, நாவல் என்று வங்காளியில் எழுதிப் பேர் வாங்கியவர். ‘வெள்ளையனே வெளியேறு’ போராட்டத்தைப் பற்றி எழுதியதால் 1944-இல் அரசாங்க வேலை போயிற்று. அடுத்த மூன்று வருடத்தில் வங்காளமே இரண்டாகப் பிளந்தது. கிழக்கே இருந்த வாசகர்களும் ரசிகர்களும் எல்லைக்கு அப்பால் போய்விட, கல்கத்தாவின் புத்தகத் தொழிலும் சினிமாத் தொழிலும் தள்ளாடின. 1951-இல் பிமல் ராய் பம்பாய்க்குக் கிளம்பியபோது இவரும் கூடப் போனார். பின்னாளில் பேர்பெற்ற இயக்குநரான ஹிருஷிகேஷ் முகர்ஜியும் அந்தக் கூட்டத்தில் ஒருவர்.

சரி, ‘தேவதாஸு’க்கு வருகிறேன். எங்கே பேசினாலும் இந்தக் காட்சியைச் சொல்லாமல் என்னால் இருக்க முடியாது. படத்துக்கு மூலமான, வங்காள எழுத்தாளர் சரத்சந்திரரின் நாவலில், தேவதாஸைக் காதலிக்கும் பார்வதியும் சந்திரமுகியும் சந்திப்பதே இல்லை. 1955-இல் வந்த படத்தில் சந்திக்கிறார்கள். கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். கிராமத்துப் பாதை. பார்வதி பல்லக்கில் வருகிறாள், பெரிய வீட்டு மருமகள். எதிரே சந்திரமுகி, தாசித் தொழிலை விட்டவள், கால்நடையாக வருகிறாள். ஒருத்தியை ஒருத்தி பார்க்கிறார்கள். ஒரு வார்த்தை இல்லை. பல்லக்கு கடந்து போய்விடுகிறது. அவ்வளவுதான்!

ஒரே ஆண்மேல் உயிரை வைத்திருக்கும் இரண்டு பெண்கள். பேசவிட்டால் பத்து நிமிடம் பேசலாம், தியேட்டரே அழும். வசனம் எழுதியவரோ ராஜிந்தர் சிங் பேதி, உருதுவின் பெரிய எழுத்தாளர். அப்படிப்பட்டவர் கூடவே இருந்தும் அந்த இடத்தில் பேச்சு வேண்டாம் என்று விட்டார்கள் பாருங்கள். இதைத்தான் நான் திரும்பத் திரும்பச் சொல்கிறேன்: வசனம் வேறு, திரைக்கதை வேறு. யாரை எங்கே யார் எதிரில் நிறுத்துவது, எப்போது வாய் திறக்காமல் வைப்பது, அதுதான் திரைக்கதை.

சந்திரமுகியாக நடித்த நம் வைஜெயந்திமாலா, துணை நடிகைக்கான பிலிம்பேர் விருதை வாங்க மறுத்தார். இரண்டு பெண்களும் சமமான பாத்திரங்கள் என்பது அவர் வாதம். அந்தப் பாதையில் இருவரும் பார்த்துக்கொள்வதை நினைத்தால் எனக்கும் அது நியாயமாகவே படுகிறது.

‘பந்தினி’யின் சிறைக் காட்சிகளைப் பற்றி நிறையச் சொல்ல இருந்தேன், நேரம் நெருங்கிவிட்டது. மூலக்கதை ஜராசந்தர் என்ற புனைபெயரில் எழுதிய சிறை அதிகாரியுடையது என்பதை மட்டும் சொல்லிவிடுகிறேன். அப்புறம் நபேந்து கோஷ் 1966-இல் ‘தீஸ்ரீ கசம்’ படத்துக்குத் திரைக்கதை எழுதினார்; பூனா திரைப்படக் கல்லூரியில் ஆசிரியப் பணியும் செய்தார். எழுபது வயதைத் தாண்டி, 1988-இல், ‘த்ரிஷாக்னி’யைத் தானே இயக்கினார். அறிமுக இயக்குநருக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. 2007-இல் காலமானார். வணக்கம்.