கெர்ஜெனெத்ஸ் போர்: சுவரோவியத்தை அசைய வைப்பது

நண்பர்களே, வணக்கம்.

ரஷ்யாவின் நிஷ்னி நோவ்கொரோத் வட்டாரத்தில் ஸ்வெத்லோயார் என்று ஓர் ஏரி. 13ஆம் நூற்றாண்டில் மங்கோலியத் தலைவன் பாத்து கானின் படை நெருங்கி வந்தபோது, கீதெஜ் நகரம் பகைவன் கையில் சிக்காமல் அந்த ஏரிக்குள் மறைந்துவிட்டதாக அந்த மக்களிடம் ஓர் ஐதிகம் உண்டு. ரஷ்ய இசையமைப்பாளர் ரிம்ஸ்கி-கோர்சகோவ் அதைப் பாடியே நடிக்கும் இசைநாடகமான ஓபரா ஆக்கினார், 1907இல் அரங்கேறியது. மூன்றாம் அங்கத்தின் இரண்டு காட்சிகளுக்கு நடுவே கெர்ஜெனெத்ஸ் ஆற்றங்கரைப் போர் வருகிறது. அதைப் பாடுவோர் யாருமில்லை. வாத்தியக்குழுவே சொல்லி முடிக்கிறது. பாடாமல் விட்ட அந்தப் போரைக் கண்ணுக்குக் காட்டுவதுதான் இவான் இவானோவ்-வானோவும் யூரி நோர்ஸ்தெய்னும் 1971இல் சோயுஸ்முல்த்ஃபில்ம் என்ற சோவியத் அனிமேஷன் நிறுவனத்தில் எடுத்த, சுமார் 10 நிமிடம் ஓடும் 'கெர்ஜெனெத்ஸ் போர்' என்ற அனிமேஷன் படம்.

உருவங்களுக்கு அவர்கள் போனது 14 முதல் 16ஆம் நூற்றாண்டு வரையிலான ரஷ்யச் சுவரோவியங்களிடம். கஷ்டமும் அங்கேதான். அந்த ஓவியங்களில் ஆள் தரையில் நிழல் வீழ்த்துவதில்லை. உடம்புக்குக் கனமும் கிடையாது. அப்படிப்பட்ட உருவத்தைத் தோள், முழங்கை, முழங்கால் என்று வெட்டி மூட்டுப் போட்டு நம்மைப் போல நடக்க விட்டால், ஓவியம் போய்விடும். அட்டைப் பொம்மைதான் மிஞ்சும். ஆகவே வீரர்களை வரிசை வரிசையாக, கூட்டமாக நகர்த்த வேண்டும். முகத்தை அசையாமல் நிறுத்த வேண்டும். அசையாத அந்தக் கண்கள்தான் இந்தப் படத்தின் உயிர் என்பேன்.

இப்படி வெட்டிய காகித உருவங்களைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் படம் பிடிக்கும் வெட்டுருவ அனிமேஷன் செய்ய நினைப்பவர்கள் இரண்டு விஷயத்தைக் கவனியுங்கள். காகிதத்தை வெட்டினால் ஓரத்தில் வெள்ளைக் கோடு தெரியும்; விளக்கு வெளிச்சத்தில் அது பளிச்சென்று மின்னி, நகரும்போதெல்லாம் துடிக்கும். ஓரம் முழுக்க அந்தந்த இடத்தின் வண்ணத்தையே தீட்டிவிடுங்கள்.

அடுத்தது தாளம். இசை முன்னாலேயே இருக்கும் படத்தில் கணக்கு பிசகக் கூடாது. நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். இசையில் நிமிடத்துக்கு 120 தாளத் தட்டு என்றால் தட்டுக்குச் சரியாக 12 பிரேம், சிக்கலே இல்லை. 100 தட்டு என்றால் 14.4 வரும். எல்லாத் தட்டுக்கும் 14 என்றே எடுத்தால், 30 தட்டில் 12 பிரேம், அதாவது அரை நொடி, படம் இசையை முந்திவிடும். முரசு ஒலிக்குமுன்பே வாள் இறங்கிவிடும். 14, 14, 15, 14, 15 என்று மாற்றி எடுங்கள். ஐந்து தட்டுக்கு 72 பிரேம், பிசகாது. வாத்தியக்குழு வேகத்தைக் கூட்டும், குறைக்கும் என்பதால், முதலில் ஒலிப்பதிவை அளந்து, தட்டுக்குத் தட்டு பிரேம் எண்ணைத் தாளில் குறித்துக்கொண்ட பிறகே கேமராவைத் தொடுங்கள்.