கோல் இல்லை, காட்டெருமை

எல்லாருக்கும் வணக்கம். விளையாட்டு, சினிமா, நம்ம ஊர் வாழ்க்கை, மூன்றையும் சேர்த்துப் பேசச் சொன்னார்கள். டீயும் வர்க்கியும் பின்னால் வந்துவிட்டன, உங்கள் கண் அங்கே போவது தெரிகிறது. அதனால் ஒன்றை மட்டும் சொல்லிவிட்டு இறங்கிவிடுகிறேன்: இந்த நீலகிரி மலையில் நாம் எதையும் முழுசாகப் பார்த்ததில்லை.

அருவங்காட்டில் நவம்பர் மாதம் ஃபுட்பால் ஆடியவர்கள் இங்கே நாலு பேராவது இருப்பீர்கள். நான் பின்வரிசை ஆள். சைப்ரஸ் மரங்கள் பக்கமிருந்து பனிமூட்டம் இறங்கினால் முதலில் எதிர் கோல் போஸ்ட் மறையும், அப்புறம் நடுக்கோடு, கடைசியில் எனக்குப் பின்னால் நிற்கிற கோல்கீப்பரும் மறைந்து அவன் இருமல் மட்டும் கேட்கும். ஒருநாள் அந்தப் பக்கம் பெரிய கூச்சல். கோல்தான் என்று நானும் கையைத் தூக்கிக் குதித்தேன். கோல் இல்லை, காட்டெருமை. எல்லாரும் ஓடிப்போய்ப் பத்து நிமிடம் ஆகியும் நான் மட்டும் என் இடத்தைக் காத்துக்கொண்டு நின்றிருக்கிறேன்.

மேஜையில் கலர் கலர் பந்துகளைக் குச்சியால் தள்ளி ஆடுகிற ஸ்னூக்கர் கதையும் அப்படித்தான். ஜபல்பூரில் பிறந்த ஆட்டத்துக்கு 1882-ல் ஊட்டி கிளப்பில்தான் விதிமுறை எழுதி மாட்டினார்கள் என்று பெருமையாகச் சொல்வோம். நான் முதன்முதலில் ஸ்னூக்கர் பார்த்தது பக்கத்து வீட்டுக் கறுப்பு வெள்ளை டிவியில், எந்தப் பந்து என்ன நிறமென்றே தெரியாமல்!

சினிமாவுக்கு வருகிறேன். ‘மூன்றாம் பிறை’ கடைசிக் காட்சியைக் கேத்தி ஸ்டேஷனில் எடுத்தார்கள், இது எல்லாருக்கும் தெரியும். ஆனால் படச்சுருளே இங்கே தயாரானது என்றால் இப்போதைய பிள்ளைகள் நம்புவதில்லை. ஊட்டி இந்து நகரில் இந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸ் 1967-ல் உற்பத்தியைத் தொடங்கியது. தூசியில்லாத காற்றும் குளிரும் இருந்ததால்தான் இந்த மலையைத் தேர்ந்தெடுத்தார்கள். ஃபிலிமில் பூசுகிற வெள்ளி உப்பு வெளிச்சம் பட்டால் கெட்டுவிடும், அதனால் அந்த வேலையெல்லாம் இருட்டில். என் பெரியப்பா அங்கே இருந்தார். சுவரைத் தடவிக்கொண்டே நடப்பார்களாம், எதிரே வருகிறவர் மீது முட்டாமலிருக்கக் குரல் கொடுத்துக்கொண்டே.

ரிடையர் ஆன பிறகும் ராத்திரி எழுந்தால் லைட் போடமாட்டார். சுவரோடு சுவராகச் சமையலறைக்குப் போய்த் தண்ணீர் குடித்து, டம்ளரைச் சத்தமில்லாமல் கவிழ்த்துவிட்டு வருவார். “மனுஷனா பூனையா?” என்பார் பெரியம்மா.

அவரோடு தியேட்டருக்குப் போவது தனி அனுபவம். படம் போட்ட பிறகு தடுமாறிக்கொண்டு வருகிறவர்களைப் பார்த்தால் அவரால் உட்கார்ந்திருக்க முடியாது. எழுந்துபோய்க் கையைப் பிடித்து, காலி சீட்டாகப் பார்த்து உட்காரவைப்பார். ஒருவர் முடிந்தால் இன்னொருவர். பாதிப் படம் அதிலேயே போய்விடும். வீட்டில் பெரியம்மா கதை கேட்டால், “அவனைக் கேள்” என்று என்னைக் கைகாட்டிவிடுவார்.

சரி, டீ ஆறுகிறது.