மாவைப் பிசையாத கை

வணக்கம். நான் மதுரைக்காரி. கல்யாணமாகிப் போய்ச் சேர்ந்த இடம் இங்கிலாந்தில் டெவன் பகுதி. பழமும் பருப்பும் போட்ட ஸ்கோனை வீட்டில் செய்வது பற்றிப் பேசச் சொல்லியிருக்கிறார்கள்.

ஸ்கோன் பன்னும் இல்லை, பிஸ்கட்டும் இல்லை. மேலே லேசாக மொறுமொறுப்பு, உள்ளே மெத்து. பிறந்த ஊர் ஸ்காட்லாந்து. அங்கே முதலில் நம் தோசைக்கல் மாதிரி ஒரு இரும்புக் கல்லில்தான் சுட்டார்கள். ஓவனுக்குப் போனது பிற்பாடு.

நான் முதன்முதலில் செய்த கதையைச் சொல்லிவிடுகிறேன். சப்பாத்தி மாவை அடித்துப் பிசைந்து பழகிய கை இது. அதே பக்தியோடு பத்து நிமிடம் பிசைந்தேன். எட்டு ஸ்கோன் வந்தது. எட்டையும் டீயில் ஊறவைத்துத்தான் தின்றோம். பக்கத்து வீட்டு அம்மாவுக்கு எழுபது வயதுக்கு மேல். ஒன்றை எடுத்து மேசையில் தட்டிப் பார்த்தார், ஒன்றும் சொல்லவில்லை. மறுநாள் காலையில் அவராகவே வந்துவிட்டார். பாலை ஊற்றி நான் மாவைச் சேர்த்ததும் மணிக்கட்டைப் பிடித்தார். "போதும், கையை எடு." மாவு இன்னும் ஒட்டிக்கொண்டு, மேடும் பள்ளமுமாகக் கிடக்கிறது. எனக்கு மனசே ஆறவில்லை. ஆனால் அன்றைக்கு வந்ததுதான் ஸ்கோன்.

காரணம் உங்களுக்கும் தெரிந்ததுதான். மைதாவில் ஈரம் பட்டுப் பிசையப் பிசைய ரப்பர் மாதிரி இழுவை வரும். பரோட்டாவுக்கு அது வேண்டும், ஸ்கோனுக்கு ஆகாது. அதனால் பிசையாதீர்கள். இதை இன்னும் இரண்டு தடவையாவது சொல்வேன்.

225 கிராம் மைதா, மூன்று டீஸ்பூன் பேக்கிங் பவுடர், ஒரு சிட்டிகை உப்பு. அதில் ஃப்ரிட்ஜிலிருந்து அப்போதுதான் எடுத்த வெண்ணெய் 50 கிராம். விரல் நுனியால் உதிர்க்க வேண்டும். புட்டு மாவு பதம் நினைவிருக்கிறதா? பிடித்தால் பிடிபடும், விட்டால் உதிரும். அதே பதம். அப்புறம் இரண்டு ஸ்பூன் சர்க்கரை, 150 மில்லி பால். பாலையும் ஒரே வீச்சில் கொட்டாமல் பார்த்து ஊற்றுங்கள். மோர் இருந்தால் இன்னும் நல்லது.

பேக்கிங் பவுடர் என்றதும் ஒன்று சொல்லாமல் இருக்க முடியாது. பர்மிங்ஹாமில் ஆல்ஃபிரட் பேர்ட் என்று ஒரு மருந்துக் கடைக்காரர். அவர் மனைவிக்கு முட்டை ஒத்துக்கொள்ளாது, ஈஸ்டும் ஒத்துக்கொள்ளாது. மனுஷன் 1837இல் முட்டை இல்லாமல் கஸ்டர்டு பவுடர் கண்டுபிடித்தார். ஆமாம், நம் ஊரில் ஆப்பிளும் வாழைப்பழமும் நறுக்கிப் போட்டுக் கிண்ணத்தில் கொடுப்பார்களே, அந்த கஸ்டர்டுதான். 1843இல் ஈஸ்ட் இல்லாமல் ரொட்டி உப்ப ஒரு பவுடர் செய்தார். ஒரு அம்மாவுக்கு வயிறு சரியில்லாததால் எத்தனை வீட்டுக்குப் பலகாரம் கிடைத்திருக்கிறது பாருங்கள்! அந்த அம்மாவின் பெயர் எலிசபெத். டப்பாவில் அவர் பெயரையும் போட்டிருக்கலாம் என்பது என் நெடுநாள் குறை.

ஸ்டூடியோக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம், நேரமாகிறது என்று கையைக் காட்டுகிறார்கள். ஐயோ, பழத்துக்கும் பருப்புக்கும் இன்னும் வரவே இல்லையே!

சரி, வேகமாகச் சொல்கிறேன். கிஸ்மிஸ் ஒரு கைப்பிடி, சூடான டீயில் பத்து நிமிடம் ஊறட்டும். பிழிந்து, துணியில் ஒற்றி எடுங்கள். வால்நட்டோ முந்திரியோ அரைக் கைப்பிடி, வறுத்து உடைத்தது. இரண்டையும் பாலுக்கு முன்பே போட்டுவிட வேண்டும். பிறகு போட்டால் கலக்கிறேன் என்று பிசைந்துவிடுவீர்கள். மாவை ஓர் அங்குலக் கனத்துக்குத் தட்டி, கத்தியை நேராக அழுத்தி வெட்டுங்கள். இழுத்தால் ஒரு பக்கமாகச் சாய்ந்து எழும். மேலே துருத்தும் கிஸ்மிஸை உள்ளே தள்ளிவிடுங்கள், கருகிக் கசக்கும். முன்கூட்டியே சூடான ஓவனில் 220 டிகிரி செல்சியஸ், 12 முதல் 15 நிமிடம்.

ஸ்கோன்மேல் முதலில் தடவ வேண்டியது ஜாமா, கிரீமா என்று டெவன்காரர்களுக்கும் பக்கத்துக் கார்ன்வால்காரர்களுக்கும் தீராத வழக்கு ஒன்று உண்டு. அதற்கு இன்றைக்கு நேரமில்லை. பழம் போட்ட ஸ்கோனுக்கு வெண்ணெய் மட்டும் போதும், சூடாக இருக்கும்போதே. பிசையாதீர்கள். வணக்கம்.