எறும்புகளுக்கு இடம் கொடுத்த ஆர்க்கிட்

நேயர்களுக்கு வணக்கம்.

ஜனவரியிலும் ஆகஸ்டிலும் பெங்களூர் லால்பாக் மலர்க் கண்காட்சி முடிந்த சில வாரங்களுக்குள், அல்சூரில் என்னைத் தேடி ஒரு கேள்வி தவறாமல் வந்துவிடும். "டீச்சர், ஆர்க்கிட் மொட்டில் எறும்பு ஏறுகிறது. என்ன மருந்து அடிக்கலாம்?" ஆசையாக வாங்கிய செடி, முதல் மொட்டு, அதன்மேல் வரிசையாக எறும்பு. பதற்றம் வருவது இயல்புதான். ஆனால் மருந்தைக் கையில் எடுப்பதற்கு முன் ஓர் ஆர்க்கிட்டின் கதையைக் கேட்டுவிடுங்கள்.

அதன் பெயர் மிர்மெகோஃபிலா டிபிசினிஸ். மெக்சிகோ, பெலிஸ், குவாத்தமாலா, ஹோண்டுராஸ் பகுதிகளில், வெப்பம் மிகுந்த தாழ்நிலக் காடுகளில், மரக்கிளைகளைப் பற்றிக்கொண்டு வளர்வது. மரத்தின் மேல் வாழ்கிறது என்பதற்காக அதை ஒட்டுண்ணி என்று நினைத்துவிடக் கூடாது. மரத்தின் சாற்றை அது தொடுவதே இல்லை. இருக்க ஓர் இடம், கொஞ்சம் வெளிச்சம், அவ்வளவுதான் மரத்திடம் அது பெறுவது. மண்ணில் கால் ஊன்றிய செடிக்குக் கிடைக்கும் நைட்ரஜனும் பாஸ்பரசும் மரக்கிளையில் எங்கே கிடைக்கும்? மழைநீரில் கரைந்து வருவது, காற்றில் வந்து படியும் தூசி, பட்டையில் ஒழுகும் நீர், இவற்றைக் கொண்டே காலம் தள்ள வேண்டும். மரத்தில் தொற்றி வாழும் செடிகள் எல்லாவற்றுக்கும் உள்ள வறுமை இது.

ஆர்க்கிட் வளர்ப்பவர்களுக்குப் பொய்க்குமிழ் தெரியும். இலைக்குக் கீழே தண்டு பருத்து, தண்ணீரைச் சேர்த்து வைத்துக்கொள்ளும் பகுதி. பெரும்பாலான ஆர்க்கிட்டுகளில் அது சதைப்பற்றோடு கெட்டியாக இருக்கும். நான் சொல்லும் இந்தச் செடியில் உள்ளே ஒன்றுமில்லை, வெறும் கூடு. மாட்டுக் கொம்பின் வடிவம், நன்கு வளர்ந்தால் ஒரு முழ நீளம். அடிப்பகுதியில் சிறிய பிளவு ஒன்று இருக்கும். எறும்பு கடித்துத் திறந்த வழி அல்ல அது. குமிழ் முதிரும்போது செடியே திறந்து வைக்கும் வாசல். காய்ந்த குமிழை எடுத்து அந்த ஊர்ப் பிள்ளைகள் ஊதுகுழலாக ஊதுவார்களாம். 19-ஆம் நூற்றாண்டில் இதை விவரித்த ஆங்கிலேய ஆர்க்கிட் அறிஞர் ஜேம்ஸ் பேட்மேன், குழலூதுபவரின் நினைவாகவே அதற்கு டிபிசினிஸ் என்று பெயரிட்டார்.

அந்த வாசல் வழியாக எறும்புகள் குடியேறுகின்றன. எல்லாக் குமிழ்களையும் அவை ஒரே விதமாகப் பயன்படுத்துவதில்லை என்பதுதான் என்னை மிகவும் வியக்க வைத்த செய்தி. சிலவற்றில் முட்டை, புழு, குடும்பம். வேறு சிலவற்றில் குப்பை மட்டுமே. குப்பைக் குமிழைப் பிளந்து பார்த்தால், செத்த எறும்புகள், பலவகைப் பூச்சிகளின் உடல்கள், செடித் துணுக்குகள், விதைகள், மணல், எல்லாம் அடைத்து வைக்கப்பட்டிருக்கும். ஈரக் கழிவு, உலர் கழிவு என்று பிரித்து, பால்கனித் தொட்டியில் காய்கறித் தோலை மக்க வைக்கும் நம் ஊர் வீடுகளை எண்ணிக்கொள்ளுங்கள். உரத்தொட்டி வீட்டுக்கு வெளியே இல்லாமல் வீட்டுச் சுவருக்குள்ளேயே இருக்கிறது என்பது மட்டுமே வேறுபாடு.

அந்தக் குப்பையால் செடிக்கு என்ன பயன்? மெக்சிகோவின் யுகட்டான் தீபகற்பத்தில் விக்டர் ரிகோ-கிரேயும் அவருடைய சகாக்களும் இதை ஆராய்ந்து, 1989-இல் அமெரிக்கத் தாவரவியல் ஆய்விதழில் முடிவுகளை வெளியிட்டார்கள். மக்கும் பூச்சிகளிலிருந்து வெளிப்படும் தாதுக்கள் குமிழின் உட்சுவர் வழியே செடிக்குப் போய்ச் சேருகின்றன. மண்ணே இல்லாத இடத்தில், வேரைக் கொண்டு அல்லாமல், தண்டின் உட்புறத்தைக் கொண்டு ஒரு செடி உண்கிறது! எறும்பு இல்லாமலும் இந்தச் செடி பிழைத்திருக்கும் என்பதையும் அவர்கள் சேர்த்தே சொன்னார்கள். பிழைத்திருப்பது வேறு, செழித்திருப்பது வேறு அல்லவா? பட்டினிக் கிளையில் இருப்பவனுக்கு ஒரு கைப்பிடி உரம் சிறிய விஷயமே இல்லை.

இது உறவின் ஒரு பாதி. பல அடி நீளத்துக்கு நீண்டு எழும் பூந்தண்டில் இருக்கிறது மறுபாதி. மொட்டின் வெளிப்புறத்திலும் தண்டிலும் இந்தச் செடி தேனைச் சுரக்கிறது. மகரந்தச் சேர்க்கைக்கு வரும் தேனீக்களுக்கான விருந்து அல்ல இது. எறும்புக்கென்றே வைத்தது. இரவும் பகலும் தேன் குடிக்க வரும் எறும்பு, பூந்தண்டைத் தன் சொத்தாகவே நினைத்துக்கொள்ளும். மொட்டைத் துளைத்துக் கெடுக்க வரும் கூன்வண்டை அது சும்மா விடுவதில்லை. காவலின் தரம் எறும்புக்கு எறும்பு மாறும் என்பதும் அதே ஆய்வாளர்கள் கண்டதுதான். ஓர் இனம் மூர்க்கமாகக் காக்கும், இன்னோர் இனம் தேனைக் குடித்துவிட்டுப் போய்விடும். காய்ப்பு அதற்கேற்பக் கூடும், குறையும்.

தென் அமெரிக்காவில் கோரியாந்தஸ் என்ற ஆர்க்கிட் இன்னும் ஒரு படி மேலே போய், எறும்புக் கூட்டின் மேலேயே வேர்விட்டு வளர்கிறது. எறும்பு கைவிட்டால் அது நலிந்துவிடும்.

இவ்வளவு தூரம் போவானேன் என்று கேட்பவர்களுக்கு, நம் மேற்குத் தொடர்ச்சி மலையிலேயே ஒரு சான்று இருக்கிறது. அது ஆர்க்கிட் அல்ல, அவரைக் குடும்பத்துச் சிறு மரம். ஹம்போல்டியா புரூனோனிஸ் என்பது பெயர். அதன் கிளைக் கணுக்களுக்கு இடையே தண்டு உப்பிக் குடைவாகி, தானாகவே ஒரு வாசலும் திறந்துகொள்ளும். இதைப் பல ஆண்டுகளாக ஆராய்ந்து வருபவர்கள் நம் ஊர் இந்திய அறிவியல் கழகத்தார். அந்த அறைகளில் பலவகை எறும்புகள் குடியிருந்தாலும் மரத்தை உண்மையில் காப்பது டெக்னோமிர்மெக்ஸ் என்ற ஒரு சிறு எறும்புதான் என்று அவர்கள் கண்டார்கள். எறும்போடு ஒரு மண்புழுவும் அங்கே குடியிருக்கிறது. மரத்தின் மேல், தண்டுக்குள், மண்புழு! இதைப் பள்ளியில் பிள்ளைகளிடம் சொன்னபோதெல்லாம் முதலில் நம்ப மறுத்தார்கள். அந்த மண்புழுவின் கழிவும் மரத்துக்கு உணவாகிறது.

இப்போது உங்கள் பால்கனிக்கு வருகிறேன். டென்ட்ரோபியம், வாண்டா, ஃபலனாப்சிஸ், இவற்றில் பலவும் மொட்டின் அடியிலும் பூக்காம்பிலும் தேன்துளி சுரப்பவை. காலை வெயிலில் ஒரு கைக்கண்ணாடியை வைத்துப் பாருங்கள். கடுகைவிடச் சிறிய, பளபளப்பான ஒரு துளி, அதன் ஓரத்தில் தலையைக் குனிந்து குடிக்கும் ஒரு பிள்ளையார் எறும்பு. அந்த எறும்பால் மொட்டுக்கு எந்தக் கேடும் இல்லை. இந்தச் செடிகளுக்குள் எறும்பு குடியிருக்க அறை இல்லை என்றாலும், தேனுக்கு அழைக்கும் பழைய வழக்கம் இருக்கிறது. நாம் அடிக்கும் நஞ்சு எறும்பை மட்டும் கொல்வதில்லை, தேனீயையும் கொல்கிறது. பெங்களூரில் தேனீக்கு இருக்கும் இடமே குறைந்து வரும்போது இதை நான் வலியுறுத்திச் சொல்லியே ஆக வேண்டும்.

இலையின் அடிப்பக்கத்தையும் இலைக்கக்கத்தையும் பார்க்க மறக்க வேண்டாம். அங்கே வெள்ளைப் பஞ்சுபோல மாவுப்பூச்சி ஒட்டியிருந்தால், எறும்பு வருவது அதன் உடலிலிருந்து கசியும் இனிப்புக்காக. அப்போது மட்டும் தலையிட வேண்டும், அதுவும் எறும்பிடம் அல்ல, மாவுப்பூச்சியிடம். பஞ்சை ஸ்பிரிட்டில் தோய்த்து ஒவ்வொன்றாகத் துடைத்து எடுங்கள். வெயில் இறங்கிய பிறகு, சோப்புக் கரைசலில் சில சொட்டு வேப்பெண்ணெய் கலந்து இலையடியில் தெளியுங்கள், பூவில் படாமல். தொட்டியில் இட்ட தேங்காய் மட்டைக்குள் எறும்பு கூடு கட்டியிருந்தால், தொட்டியை வாளித் தண்ணீரில் கொஞ்ச நேரம் அமிழ்த்தி வையுங்கள், கூட்டைத் தூக்கிக்கொண்டு அவையே வெளியேறிவிடும். மாவுப்பூச்சி மீண்டும் வருகிறதா என்று வாரம் ஒரு முறை பார்த்து வந்தால் போதும்.

நன்றி, வணக்கம்.