ஜாவர் சீதாராமனும் பரண்மேல் கிடக்கும் கட்டுகளும்

விழாத் தலைவர் அவர்களே, முன்வரிசையில் பொறுமையாக வீற்றிருக்கும் புலவர் பெருமக்களே, பொன்னாடைக்குப் பதிலாகப் புத்தகம் கொடுத்து வரவேற்ற வாசகர் வட்டச் செயலாளர் அவர்களே, ஒலிபெருக்கியை இதுவரை ஒருமுறைகூடக் கூவவிடாத தம்பி அவர்களே, அனைவருக்கும் வணக்கம். எனக்கு முன் பேசிய பேராசிரியர் அம்மையார் ஐம்பதுகளின் திரையுலகை விரிவாகவே சொல்லிவிட்டார்கள். தலைவரிடமிருந்து 'முடிக்கவும்' என்ற சீட்டு வருவதற்குள் நான் மூன்று செய்திகள் சொல்ல வேண்டும்: ஜாவர் சீதாராமன் என்ற நடிகர், வசனகர்த்தா, தொடர்கதைக்காரர்.

ஆடிக் கறக்கிற மாட்டை ஆடிக் கற, பாடிக் கறக்கிற மாட்டைப் பாடிக் கற என்பார்கள். அந்தப் பழமொழிக்கு இவரைவிட நல்ல சாட்சி கிடையாது. படித்தது சட்டம். பேர் வாங்கியது 1950-இல் வந்த 'ஏழை படும் பாடு' படத்தில். பிரெஞ்சு எழுத்தாளர் விக்டர் ஹ்யூகோவின் நாவலைக் கவியோகி சுத்தானந்த பாரதியார் தமிழாக்கியிருந்தார். பட்சிராஜா நிறுவனம் அதைப் படமாக்கியது. நாகையாவின் பாத்திரம் கந்தன் என்று தமிழ்ப் பேர் வைத்துக்கொண்டது. அவரை விடாமல் துரத்தும் போலீஸ்காரருக்கு மட்டும் பிரெஞ்சுப் பேரே நின்றது. அந்த ஜாவர், நடித்தவரின் சொந்தப் பேருக்கு முன்னால் ஏறி உட்கார்ந்துகொண்டது, கடைசிவரை இறங்கவேயில்லை! 'வீரபாண்டிய கட்டபொம்ம'னில் பானர்மன் துரை. 1967-இல் 'பட்டணத்தில் பூதம்' படத்தில் ஜாடிக்குள்ளிருந்து வந்த ஜீபூம்பா. விறைத்த வெள்ளைக்காரத் துரையும் குழந்தைகள் கைதட்டிய பூதமும் ஒரே ஆள் என்றால் பாதிப்பேர் நம்பமாட்டார்கள்.

1954-இல் வந்த 'அந்த நாள்' படத்துக்குக் கொஞ்சம் நேரம் கொடுங்கள். ஏவி.எம். தயாரிப்பு, எஸ். பாலசந்தர் இயக்கம். பாட்டும் கிடையாது, நடனமும் கிடையாது. 1943-இல் சென்னையில் ஜப்பான்காரன் குண்டு போட்ட நாட்களில் கதை நடக்கிறது. படம் தொடங்கியதும் கதாநாயகன் ராஜன் சுடப்பட்டுச் சாகிறான். பக்கத்து வீட்டுச் சின்னையா பிள்ளை போலீசுக்கு ஓடுகிறார். பிறகு தம்பி, தம்பி மனைவி, காதலி, மனைவி என்று ஆளுக்கொரு வாக்குமூலம். ஒருவர் சொல்லும் ராஜன் இன்னொருவர் சொல்லும் ராஜன் இல்லை. இங்கே எழுத்தாளனுக்குக் கத்தி முனை எது? ஒவ்வொரு வாக்குமூலமும் அந்தச் சமயத்துக்கு உண்மையாகத் தெரிய வேண்டும். அதேசமயம் முந்தினதை முழுக்கப் பொய்யாக்கியும் விடக்கூடாது. ஒரு வசனம் அளவுக்கு மீறினால் கொலையாளி யாரென்று கொட்டகை முழுக்கத் தெரிந்துபோகும். இத்தனை பேருக்கும் பேச்சு எழுதிய சீதாராமன், தனக்கு எடுத்துக்கொண்ட வேடம் சி.ஐ.டி. அதிகாரி சிவானந்தம். கேள்வி கேட்டுவிட்டுக் காது கொடுக்கிற வேலை! வசனகர்த்தா தனக்கே நீளமான வசனம் எழுதிக்கொள்ளாத அதிசயம் அது. ஆடிக் கறக்கிற மாட்டை ஆடிக் கறந்தவர். 'களத்தூர் கண்ணம்மா' கதையும் அவருடையதுதான். அதைப் பற்றிப் பேசத் தனிக் கூட்டமே வேண்டும்.

மூன்றாவது, தொடர்கதை. குமுதத்தில் வந்த 'உடல் பொருள் ஆனந்தி'. இங்கேதான் என் வழக்கமான புலம்பல் தொடங்குகிறது. செயலாளர் சிரிக்கிறார், பரவாயில்லை. வாரா வாரம் பக்கத்தைக் கிழித்துச் சேர்த்து பைண்டு செய்தார்களே, அந்தக் கட்டுகள் இன்று எந்தப் பரணில் கிடக்கின்றன? பைண்டர் ஓரம் வெட்டும்போது பக்க எண்ணும் தேதியும் போயின. உள்தையலில் வரிக்கு இரண்டு எழுத்து மறைந்தது. மலிவுத்தாளில் இருக்கும் அமிலம் அதை மஞ்சளாக்கி அப்பளமாய் நொறுக்குகிறது. ஸ்டேப்ளர் பின் துருப்பிடித்துத் துளை போடுகிறது. மைதாப் பசை பூச்சிக்கு விருந்து. பாசத்தோடு ஒட்டிய செலோடேப்தான் படுமோசம்: சில வருஷத்தில் டேப் உதிர்ந்துவிடும், பழுப்புப் பிசின் எழுத்தோடு தங்கிவிடும்.

பிலிம் சுருளுக்கு வேறு வைத்தியம். அசிடேட் என்ற பிளாஸ்டிக்கில் செய்த பழைய சுருள் கெடத் தொடங்கினால் டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை அடிக்கும். அதை உடனே மற்ற டப்பாக்களிலிருந்து பிரித்துக் குளிரான, ஈரமில்லாத இடத்தில் வைக்க வேண்டும். பாடிக் கறக்கிற மாட்டைப் பாடித்தானே கறக்க வேண்டும்?

இதோ சீட்டு வந்துவிட்டது, தலைவர் மன்னிக்க வேண்டும். கட்டு வைத்திருப்பவர்கள் செயலாளரிடம் பேர் கொடுங்கள். விலைக்குக் கேட்கவில்லை, ஸ்கேன் எடுத்துத் திருப்பித் தந்துவிடுவோம். தையலைப் பிரிக்காதீர்கள், வெயிலில் காயவைக்காதீர்கள். 180 டிகிரிக்கு விரித்து அமுக்கினால் முதுகு பிளந்துவிடும். பாதி திறந்த நிலையில் தாங்குகட்டையில் வைத்து, 400 டிபிஐ-யில், அதாவது அங்குலத்துக்கு 400 புள்ளி என்ற நுணுக்கத்தில், வண்ணத்திலேயே எடுப்போம். கதைக்குப் பின்பக்கத்தில் பாதி வெட்டுப்பட்ட விளம்பரம் இருந்தால் அதையும் விடமாட்டோம். தொலைந்த தேதியைக் கண்டுபிடிக்கப் பல சமயம் அந்த விளம்பரம்தான் துப்பு.