விறகா எரியுற மரம் தீயை எப்படித் தடுக்கும்? நாலு ஏடிஎம் கார்டு டெஸ்ட்!

[காட்சி: சோதனை உலையில் எரியும் மரக்கதவு]

உலைக்குள்ள 800 டிகிரி செல்சியஸ் தாண்டிடுச்சு. வெளிப்பக்கம் சராசரியா 140 டிகிரிக்கு மேல சூடு ஏறக் கூடாது. நடுவுல 44 மில்லிமீட்டர் தடிமன்ல ஒரு ஃபயர் டோர், அதாவது தீயைத் தடுக்கிற மரக்கதவு. அரை மணி நேரம் தாங்கணும். தாங்குது!

மரம் 300 டிகிரி வாக்குல கரியாகும். அந்தக் கரி சூட்டை லேசுல உள்ளே விடாது. தீ நிமிஷத்துக்கு ஏறக்குறைய 0.65 மில்லிமீட்டர்தான் அரிச்சுக்கிட்டுப் போகும். பெருக்கிப் பாருங்க, 30 நிமிஷத்துக்கு 20 மில்லிமீட்டர்கூட வராது. பாதிக்கு மேல மரம் மிச்சம்!

அப்போ கதவு எங்க தோக்குது? ஓரத்துல.

[நெருக்கக் காட்சி: கதவு விளிம்பு]

விளிம்புலயோ நிலையிலயோ ஒரு பட்டை பதிச்சிருக்கு பாருங்க. பேரு இன்ட்யூமசென்ட் ஸ்ட்ரிப். பாம்பு மாத்திரையைப் பத்த வெச்சா புஸ்ஸுனு வளருமே, அதே வித்தைதான். சூடு 200 டிகிரியை நெருங்கினா, உள்ளே இருக்கிற கிராஃபைட் பல மடங்கு உப்பி, கதவுக்கும் நிலைக்கும் நடுவுல இருக்கிற இடைவெளியை அடைச்சிடும். கரன்ட் வேணாம், சென்சார் வேணாம். தீயே வந்து தனக்குக் கதவடைச்சுக்குது! இதுக்கே ஒரு லைக் போடலாம்.

ஆனா அந்த இடைவெளி 2லிருந்து 4 மில்லிமீட்டருக்குள்ள இருக்கணும். கதவு இறுக்குதுன்னு ஆசாரி இழைச்சுத் தள்ளியிருந்தா, ஸ்ட்ரிப் எவ்வளவு உப்பினாலும் எட்டாது. எழுத்து புடைக்காத ஏடிஎம் கார்டு நாலை அடுக்கினா 3 மில்லிமீட்டர். மேலயும் ரெண்டு பக்கமும் விட்டுப் பாருங்க. ஆறு கார்டு சேர்ந்து நுழைஞ்சா ஆளைக் கூப்பிடுங்க.

புகை? அது சூடாகறதுக்கு முன்னாடியே வந்துடும், ஸ்ட்ரிப் அப்போ தூங்கிக்கிட்டிருக்கும். அதுக்குத்தான் பிரஷ் இல்லன்னா ரப்பர் சீல். பெயின்ட் அடிக்கிறவர் அது மேலயும் ஒரு கை இழுத்துட்டுப் போவாரு; காய்ஞ்சு விறைச்சா சீல் செத்துச்சு.

இரும்புக் கீல் மூணு, ஒரு ஸ்க்ரூகூடக் குறையக் கூடாது.

கடைசியா, கதவை ஒரு சாண் திறந்து கையை விடுங்க. டோர் குளோசர் இழுத்து, 'டக்'குனு லாட்ச் விழணும். விழலன்னா குளோசர் ஸ்க்ரூவைத் திருப்பி வேகத்தைச் சரி பண்ணுங்க. தீயணைப்பு சிலிண்டரையே முட்டுக் கொடுத்துக் கதவைத் திறந்து வைக்கிற மகான்களே, காந்தப் பிடிப்பான்னு ஒண்ணு இருக்கு: அலாரம் அடிச்சதும் கரன்ட் கட்டாகி, கதவு தானா மூடிக்கும். உங்க பில்டிங்ல எத்தனை கார்டு நுழைஞ்சுது? கமென்ட்ல போடுங்க.