சித்தப்பாவுக்கு என்ன ஆச்சு?

நேயர்களுக்கு வணக்கம். பழைய ஹாலிவுட் சிரிப்பு ஜோடி லாரல் – ஹார்டி என்றால் குண்டரும் ஒல்லியரும் வழுக்கி விழுவதுதான் பலருக்கும் ஞாபகம் வரும். எனக்கு ஒரு சாவு ஞாபகம் வரும்.

1930-இல் வந்த 'லாரல் ஹார்டி மர்டர் கேஸ்'. மூன்று ரீல் படம். இருவரும் படகுத்துறையில் உட்கார்ந்திருக்கிறார்கள், கையில் காசு கிடையாது. எபனேசர் லாரல் என்ற பணக்காரர் இறந்துவிட்டார், வாரிசுகள் வரலாம் என்று பேப்பரில் செய்தி. ஹார்டிக்கு நாக்கில் எச்சில் ஊறுகிறது. "உனக்கு ஒரு சித்தப்பா உண்டே, இருக்கிறாரா?"

"இல்லை. கால் வைத்த பலகை திறந்துகொண்டு, கீழே விழுந்து கழுத்து முறிந்துவிட்டது."

"அடப்பாவமே! வீடு கட்டிக்கொண்டிருந்தாரா?"

இங்கே ஒரு நொடி.

"இல்லை, தூக்கில் போட்டார்கள்."

நாற்பது தடவையாவது பார்த்திருப்பேன். இன்னும் சிரிக்கிறேன், என் மனைவி எழுந்து போய்விடுவாள். ஊமைப்படத்தில் இது நடக்காது. வசனத்தை அட்டையில் எழுதிக் காட்டினால் 'தூக்கு' என்ற சொல் கண்ணில் பட்டதுமே குட்டு உடைந்துவிடும். பேசும்போதுதான் அந்த ஒரு நொடி கிடைக்கிறது. சித்தப்பாவை நாம் பார்க்கவே இல்லை, காதால்தான் கேட்கிறோம். வானொலிக்காரர்களுக்கு இதைச் சொல்லித் தர வேண்டுமா!

அப்புறம் 1934-இல் 'கோயிங் பை பை'. இவர்கள் சாட்சி சொல்லி ஒரு முரடனுக்கு ஆயுள் தண்டனை. லாரல் அப்பாவியாகக் கேட்கிறார்: "தூக்கில் போட மாட்டீர்களா?" கால்களைப் பிய்த்துக் கழுத்தில் சுற்றுகிறேன் பார் என்று அவன் கத்துகிறான். சிறையிலிருந்து தப்பியவன் ஒரு டிரங்குப் பெட்டிக்குள் மாட்டிக்கொள்ள, இவர்களே ஆள் தெரியாமல் அவனைக் காப்பாற்றப் போகிறார்கள். துளை போடுகிறார்கள், நெருப்பு வைக்கிறார்கள், தண்ணீர் பாய்ச்சுகிறார்கள். பெட்டி மூடித்தான் இருக்கிறது, உள்ளே அலறல் மட்டும். மறுபடியும் காது! கடைசியில் அவன் சொன்ன வாக்கைக் காப்பாற்றிவிடுகிறான். இருவரும் சோபாவில், கால்கள் கழுத்தில்.

ஒலிப்பதிவு அறைக் கண்ணாடிக்கு அப்பால் ஒரு விரல் காட்டுகிறார்கள், ஒரு நிமிடம்தான் பாக்கி. ஒன்று மட்டும். 1930-இல் டப்பிங் பக்குவப்படவில்லை. அதனால் அந்தக் கொலைப்படத்தை ஸ்பானிஷ், பிரெஞ்சு, ஜெர்மன் மொழிகளிலும் மறுபடி எடுத்தார்கள். மொழி தெரியாத இருவரும் கரும்பலகையில் ஒலிப்பை எழுதிவைத்து, பார்த்துப் பேசினார்கள். அந்த ஒரு நொடியை எந்தப் பலகையில் எழுதினார்களோ... சரி, சரி, முடித்துவிட்டேன். வணக்கம்.